அவுத்வெயிட் பீப்பாயில் தேநீர்

ஜேபஸ் அவுத்வெயிட் ஒரு மிடறு பீர் குடித்தார். துப்பவில்லை. தன் ஆலையில் காய்ச்சிய எதையும் அவர் துப்பியதில்லை. விழுங்கிவிட்டு, "புளிச்சிருச்சு," என்றார்.

பக்கத்தில் நின்ற மகன் வில்ஃப்ரெட் முகத்தைத் துடைத்துக்கொண்டான். ஒரு வாரமாக யார்க்‌ஷயரில் அப்படி ஒரு புழுக்கம், இடி; பீர் புளிக்க அது போதும். மறுநாள் பூங்காத் திறப்பு. ஆஸ்பத்திரிக்கும் நூலகத்துக்கும் பிறகு ஹாரோபெக் ஊருக்கு ஜேபஸ் தன் செலவில் கொடுக்கும் கொடை. வருகிறவர்களுக்கெல்லாம் அவுத்வெயிட் பீர் என்று ஊர் முழுக்கச் சொல்லியாகிவிட்டது. நல்ல சரக்கெல்லாம் கடைகளுக்குப் போய்விட்டது. திறப்புக்கென்று வைத்திருந்தது இது மட்டும்தான்.

"சும்மா குடுக்கறதுதானேப்பா. யாரு குறை சொல்லப் போறா?"

"காசு குடுத்தவன் வைஞ்சிட்டுப் போயிருவான். சும்மா வாங்கினவன் வையவும் முடியாம குடிப்பான். அதைவிடக் கேவலம் உண்டா?"

"அப்ப டார்டாஃப் ஆலையில வாங்கிடலாமா?"

"என் பூங்காவுலயா? டார்டாஃப் பீரா? போடா!"

தாத்தா காலத்திலிருந்து ஒவ்வொரு பீப்பாயின் மூடியிலும் சுட்டுப் பொறித்த பெயர் அவுத்வெயிட். அந்தப் பெயரில் கெட்ட சரக்கு வெளியே போனதில்லை. ஜேபஸ் நின்று பார்த்துக்கொண்டிருக்க, அத்தனையும் சாக்கடையில் போயிற்று. பிறகு தொப்பியை எடுத்துக்கொண்டு, வாழ்நாளில் ஏறாத ஒரு படியில் ஏறினார்.

அது மதுவிலக்குச் சங்கத் தலைவி டோர்காஸ் பிம் அம்மாளின் வீடு. சனிக்கிழமைதோறும் ஆலை வாசலில் கூட்டம் சேர்த்து, பீர் வண்டிகளை மறித்துக்கொண்டு துதிப்பாட்டுப் பாடுகிற விதவை.

"வழி தவறி வந்துட்டீங்களா, அவுத்வெயிட்?"

"இல்லம்மா. நாளைக்கு ஊருக்கே டீ குடுக்கணும். தேயிலையும் கோப்பையும் உங்க சங்கத்துல இருக்கு."

வந்த காரணத்தை அவர் மறைக்கவில்லை. பிம் அம்மாள் கேட்டுவிட்டு, "கெட்டதைக் கொட்டிட்டீங்க, சரி. நல்லதையும் கொட்டியிருக்கலாம்," என்றாள். பிறகு, "பூங்கா வாசல்ல எங்க கொடியைக் கட்டலாமா?"

"முடியாது."

"கேட்டு வச்சேன். ஆனா ஊருக்கே கொதிக்க வைக்க எங்ககிட்ட அண்டா ஏது?"

"என்கிட்ட இருக்கு. பீர் காய்ச்சற செப்புக் கொப்பரை. நீங்க ஆலைக்குள்ள வரணும்."

அவள் முகம் இறுகியது. "அந்த வாசலை மிதிக்க மாட்டேன்னு சபையில சத்தியம் பண்ணினவ நான்."

"உங்க படி ஏற மாட்டேன்னு நானும்தான் சொல்லிக்கிட்டிருந்தேன். ஏறி நிக்கறேனே."

மறுநாள் காலை பிம் அம்மாள் பாவாடையை இரண்டு விரலால் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஆலைக்குள் நுழைந்தாள். கொப்பரையை ஒருமுறைக்கு இருமுறை தேய்க்கச் சொன்னாள். வேலைக்காரர்கள் இருமுறையும் தேய்த்தார்கள்.

மதியம் அவுத்வெயிட் குதிரைகள் அவுத்வெயிட் பீப்பாய்களை இழுத்துக்கொண்டு பூங்காவுக்குள் வந்தபோது, கூட்டம் தொப்பிகளை வீசிக் கத்தியது. ஜேபஸ் மேடையேறினார்.

"காய்ச்சினது கெட்டுப்போச்சு. தப்பு என் ஆலையோடது. கொட்டிட்டேன். பீப்பாயில இருக்கறது டீ."

பேண்டு வாசித்துக்கொண்டிருந்தவர்கள்கூட நிறுத்திவிட்டார்கள். பின்னாலிருந்து ஒரு குரல்: "எசமான், பூங்கான்னு கூப்பிட்டுட்டு ஞாயித்துக்கிழமை வேதப் பள்ளிக்கூடத்துல உக்கார வச்சிட்டீங்களே!"

சிரிப்பு பரவியது. நல்ல சிரிப்பா கெட்ட சிரிப்பா என்று ஜேபஸுக்குப் பிடிபடவில்லை. பிம் அம்மாள் முதல் கோப்பையை நீட்டினாள். அவர் முதுகை வளைக்காமல் நின்று, கடைசிச் சொட்டுவரை குடித்துவிட்டு, மதுக்கடையில் 'அடுத்து நீ' என்று ஆட்கள் சவால் விடுவதுபோலக் கோப்பையைத் தலைகீழாகக் கவிழ்த்துக் காட்டினார்.

கவிழ்த்த கோப்பையைப் பார்த்தபின் ஹாரோபெக்காரன் எவனும் சும்மா நிற்பதில்லை. வண்டிகளை நோக்கிக் கூட்டம் நகர்ந்தது. எத்தனை தேய்த்தும் கொப்பரை தன் குணத்தை விடவில்லை. தேநீரில் லேசாக, பீரில் போடும் ஹாப்ஸ் பூவின் கசப்பு இருந்தது.

"டேய், இது அவுத்வெயிட் சரக்குதான்டா!" என்று ஒரு கிழவன் இரண்டாவது கோப்பைக்கு நின்றான்.

பிம் அம்மாளும் குடித்துப் பார்த்தாள். கசப்பு அவளுக்கும் தெரிந்தது. அவள் ஜேபஸைப் பார்த்தாள். அவர் பூங்கா வாயிலில் பொறித்திருந்த தன் பெயரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"குடிக்கலாம்," என்றாள் அவள். மீதியையும் குடித்துவிட்டுக் கோப்பையை நேராகவே வைத்தாள்.