கட்டிலில் சிங்கம்

பேசும்படம் வரப்போகிறது என்று ஹாலிவுட்டில் வதந்தி உலவிய வருடம். எங்கள் கம்பெனி இன்னும் ஊமைச் சிரிப்புப் படங்களைத்தான் எடுத்துக்கொண்டிருந்தது. நடிப்பவர்களுக்கு உற்சாகம் வரட்டும் என்று படப்பிடிப்பில் வயலின் வாசிக்க ஓர் ஆளை வைத்திருப்பார்கள். அந்த ஆள் நான்.

அன்றைய காட்சியில் எங்கள் கதாநாயகி டெல்லா கட்டிலில் போர்வைக்குள் புகுந்து, கணவன் தலை என்று நினைத்துச் சிங்கத்தின் பிடரியைத் தடவ வேண்டும். வழக்கமாக வரும் கிழட்டுச் சிங்கத்துக்கு உடம்பு சரியில்லை. அதைப் பழக்கும் ஆர்லோ, சர்க்கஸிலிருந்து இன்னொன்றைக் கொண்டுவந்திருந்தான்.

"இது சாப்பிட்டுச்சா?" என்றாள் டெல்லா.

"கொஞ்சம்."

டைரக்டர் பிங்காம் சிரித்தார். "போன வாரம் மாடியிலேருந்து குதிச்சவ, இதுக்குப் போய் பயப்படுறியே."

"மாடி கடிக்காதுங்க."

கேமரா ஓடத் தொடங்கியது. நான் மெதுவான நடன மெட்டு ஒன்றை வாசித்தேன். டெல்லா பிடரியில் கை வைத்தாள். சிங்கம் கண் திறந்து, முன்னங்காலைத் தூக்கி அவள் தொடைமேல் வைத்தது.

"அலறு. எகிறிக் குதி," என்று ஒலிக்குழாயில் கத்தினார் பிங்காம்.

அவள் அசையவில்லை. என் வில் தானாக நின்றுவிட்டது. சிங்கம் என் பக்கம் தலையைத் திருப்பியது. அதன் உறுமல் தரைப்பலகை வழியாக என் பாதத்தில் ஏறியது.

"ஓட்டோ, வாசி," என்றாள் டெல்லா, உதடு அசையாமல். "நிறுத்தாத. நகம் உள்ள இறங்குது."

வாசித்தேன். சுருதி எங்கேயோ போனது. சிங்கத்தின் காது என் பக்கமே இருந்தது.

"ஆகா, அந்த முழிதான் வேணும்," என்றார் பிங்காம். எல்லோரும் சிரித்தார்கள், ஆர்லோவைத் தவிர. அவன் முகம் வெளுத்திருந்தது. கோழி ஒன்றைப் பிடித்துக்கொண்டு கட்டிலின் மறுபக்கம் தவழ்ந்து வந்தான். வாசனை பட்டதும் சிங்கம் காலை எடுத்துத் திரும்பியது. டெல்லா எழுந்து ஓடவில்லை. இடுப்பை, பிறகு முழங்காலை என்று மெல்ல நகர்த்தி நழுவி, செட்டின் அட்டைச் சுவருக்குப் பின்னால் மறைந்தாள்.

ஆர்லோ சிங்கத்தைக் கூண்டில் அடைத்த பிறகுதான் நான் வில்லை இறக்கினேன். அவள் இரவு அங்கி கிழிந்து ரத்தத்தில் ஒட்டியிருந்தது. பிங்காம் ஒலிக்குழாயைக் கீழே வைத்தார்.

"என்கிட்ட சொல்லியிருக்கலாமேம்மா."

"சத்தமா சொல்ல முடியலைங்க."

காயம் ஆறியபின் படத்தை முதலில் பக்கத்து ஊரான கிளெண்டேலில் போட்டார்கள். அந்தக் காட்சியில் கொட்டகையே உருண்டு சிரித்தது. முன்வரிசைப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டு கணவனிடம், "என்னமா நடிக்கிறா பாரேன்," என்றாள்.

என் பக்கத்தில் இருந்த டெல்லா தொப்பியை எடுத்துக்கொண்டாள். "வா ஓட்டோ, வெளிய போயிரலாம். எனக்கு மூச்சு முட்டுது."