மாமனார் துடைத்த தரை

என் மாமனாருக்குச் சும்மா உட்காரத் தெரியாது. பிரசவம் முடிந்து என் மனைவியும் குழந்தையும் மறுநாள் ஆஸ்பத்திரியிலிருந்து வருகிறார்கள். ஒத்தாசைக்கு என்று காலையிலேயே வந்து இறங்கிவிட்டார். குழந்தைக்கான அறையில் மிச்சமிருந்தது சுவரின் அடியில் ஸ்கர்ட்டிங் பலகை அடிக்கும் வேலைதான். ஜிப்சம் போர்டு சுவருக்கும் தரைக்கும் நடுவே விரல் நுழையும் சந்து. பூச்சி பொட்டு வந்தால் பச்சைக் குழந்தையை அங்கே எப்படிப் படுக்க வைப்பது?

ஜிப்சம் போர்டில் மட்டும் அடித்தால் ஆணி நிற்காது. உள்ளே இருக்கும் மரச்சட்டத்தில் இறங்க வேண்டும். தட்டினால் வெறும் இடம் 'டொம்' என்னும், சட்டம் 'டக்' என்னும். ஆனால் அதே சுவருக்குள்தான் தண்ணீர் பைப்பும் போகிறது. பிளம்பர் அந்த இடத்தைத் தரையில் பென்சில் கோடு போட்டுக் காட்டிவிட்டு, அந்தப் பக்கம் ஆணியோடு போகாதே என்று படித்துப் படித்துச் சொல்லியிருந்தார்.

கோடு வர இன்னும் தூரம் இருக்கிறது என்ற நினைப்பில் 'டக்' கேட்ட இடமெல்லாம் அடித்துக்கொண்டே போனேன். ஜன்னலுக்குக் கீழே அடித்த ஆணி கடைசி அடியில் 'ணங்' என்றது. பைப்பில் இறங்கிவிட்டதோ? குனிந்து கோட்டைத் தேடினேன். தரை முகம் பார்க்கலாம் போலப் பளபளத்தது.

"மாமா, இங்க பென்சில் கோடு ஒண்ணு இருந்துச்சே?"

"அழுக்குன்னு நெனச்சு தேய்ச்சு எடுத்துட்டேன், மாப்பிள்ளை."

வேறு யாராக இருந்தாலும் வாய்க்கு வந்தபடி கேட்டிருப்பேன். மாமனாராயிற்றே, பல்லைக் கடித்துக்கொண்டேன். பிளம்பர் போனை எடுக்கவில்லை. தண்ணீர்தான் வரவில்லையே, அப்புறம் என்ன என்றார் மாமா. பைப்பில் ஆணி இறங்கியிருந்தால் அந்த ஆணியே ஓட்டையை அடைத்துக்கொண்டிருக்கும், பிடுங்கினால்தான் பீய்ச்சும் என்றேன். பீய்ச்சினால் சுவரை உடைக்க வேண்டும், வீடெல்லாம் தூசி, குழந்தையை அழைத்து வரவே முடியாது. அவர் முகம் செத்துவிட்டது.

"அவ கேட்டா நான்தான்னு சொல்லிடுங்க."

அந்தப் பேச்சில் என் கோபம் போன இடம் தெரியவில்லை. சேர்ந்தே வாங்கிக் கட்டிக்கொள்வோம் மாமா என்று சொல்லிவிட்டு மெயின் வால்வை மூடினேன். குழாய்களைத் திறந்து மிச்சத் தண்ணீரை வடித்தோம். அவர் வாளியும் துண்டுமாக உட்கார, நான் குறடால் ஆணியை இழுத்தேன்.

ஆணி காய்ந்திருந்தது. நுனி வளைந்து, அதில் மரத்தூள் ஒட்டியிருந்தது. சட்டத்தில் ஏற்கெனவே இருந்த ஏதோ ஸ்க்ரூவில் மோதியிருக்கிறது, அவ்வளவுதான். இருந்தும் நம்பிக்கை வரவில்லை. வால்வைத் திறந்துவிட்டு, மாமனாரும் மருமகனும் தரையில் குப்புறப் படுத்துச் சுவரில் காதை வைத்தோம். ஒரு கை நீளம் தள்ளித்தான் தண்ணீர் ஓடும் சத்தம் கேட்டது. ஆணித் துளையில் ஈரமே இல்லை. அப்பாடா என்று நான் மல்லாந்தேன். படுத்தபடியே இருவரும் சிரித்த சிரிப்பில் எனக்குக் கண்ணீர் வந்துவிட்டது.

எழுந்ததும் மாமா பென்சில் கேட்டார். சத்தம் கேட்ட இடத்தில் தரையில் கட்டை விரல் அகலத்துக்குக் கோடு போட்டார். அதை ஒதுக்கி மிச்சப் பலகைகளை அடித்து முடித்தேன்.

மறுநாள் என் மனைவி குழந்தையோடு அறைக்குள் வந்தாள். பலகையைப் பார்த்தாள், பளபளக்கும் தரையைப் பார்த்தாள், சுவரோரம் கிடந்த கறுப்புக் கோட்டையும் பார்த்தாள். குழந்தையை என்னிடம் கொடுத்துவிட்டு ஈரத்துணியை எடுத்தாள். பலகைதான் அடித்தாயிற்றே, இனி அந்தக் கோடு எதற்கு என்று நானும் விலகி வழி விட்டேன்.

மாமா குறுக்கே போய் நின்றார்.

"அது கெடக்கட்டும்மா. தொடாத."