முறைப்படி டவுன்லோடு செய்த ஹம்மிங்

1

இந்தக் கதை ஆத்திரத்தில் பிறந்தது. பாத்திரம் தேய்த்தபடி பாட்டுக் கேட்டுக்கொண்டிருந்தேன். சந்தா கட்டி, முறைப்படி டவுன்லோடு செய்து வைத்த பாட்டு. பாதியில் நின்றுவிட்டது. ‘இந்தப் பாடல் இப்போது கிடைப்பதில்லை’ என்றது போன். என் போனில் இருக்கிற பாட்டு எனக்கே கிடைக்காதாம்! சோப்புக் கையோடு திட்டித் தீர்த்தேன். அது கண்டுகொள்ளவில்லை. சரி, கதையாவது எழுதுவோம் என்று உட்கார்ந்தேன்.

2

முதல் தொடக்கம்: ‘இசை என்பது மனித ஆன்மாவின்...’ (வேண்டாம். எனக்கே கொட்டாவி வருகிறது.)

இரண்டாவது: ஒரு மூக்குக்கண்ணாடிக் கடைக்காரர். மகா யோக்கியர். திருட்டுப் பாட்டு வீட்டுக்குள் வரக் கூடாது என்பது அவர் போட்ட சட்டம். மச்சினன் ஒருநாள் பென் டிரைவில் பாட்டுக் கொண்டுவர, “திருட்டுப் பயலே” என்று வாசலோடு அனுப்பியவர். (இவ்வளவு நல்லவரா? எனக்கே சந்தேகம்தான். இருந்துவிட்டுப் போகட்டும்.)

3

அவர் மனைவி ஒரு காலத்தில் கோரஸ் பாடியவர். தொண்டையில் ஆபரேஷன் ஆனதிலிருந்து அந்த அம்மா பேசினால் வெறும் காற்றுதான் வருகிறது. ஒரே ஒரு பாட்டின் நடுவில் மட்டும் தனியாக ஒரு ஹம்மிங் பாடியிருக்கிறார். பழைய குரல் மிச்சமிருப்பது அங்கேதான். கடையில் லென்ஸ் தேய்க்கும்போதெல்லாம் கடைக்காரர் அதைத்தான் கேட்பார்.

இன்று காலை அதுவும் ‘கிடைப்பதில்லை’. கம்பெனிக்கும் கம்பெனிக்கும் ஏதோ ஒப்பந்தம் முடிந்துவிட்டதாம். டவுன்லோடு செய்துவிட்டால் நமக்கே சொந்தம் என்று நம்பியிருந்தார் மனிதர். (சந்தா பிடிக்கிற ஒப்பந்தம் மட்டும் முடியவே முடியாது, கவனித்தீர்களா?)

4

வேறு எந்த ஆப்பிலும் அந்தப் பாட்டு இல்லை. மச்சினனிடம் இருக்கிறது. வேறு வழி?

“மாமாவா? திருட்டுப் பயலுக்கா போன் போட்டீங்க?”

“அக்கா குரல்டா...”

“அனுப்புறேன். உங்களுக்காக இல்ல.”

அனுப்பியும் விட்டான். திரையில் வந்து நிற்கிறது பாட்டு. தொட்டால் டவுன்லோடு ஆகிவிடும். கடைக்காரர் விரலை நீட்டினார். நீட்டியது நீட்டியபடியே நிற்கிறது.

5

முதல் முடிவு: தொடுகிறார். ஒழுக்கசீலர்கள் என்னைக் கிழித்துத் தொங்கவிடுவார்கள்.

இன்னொன்று: தொடாமல், நெஞ்சை நிமிர்த்தி லென்ஸ் தேய்க்கப் போகிறார். படிக்க ஜோராக இருக்கும். அந்த அம்மாவின் குரல் போனது போனதுதான்.

மூன்றாவதாக, பாட்டு தானாகவே ஆப்பில் திரும்பி வந்து... (சீச்சீ.)

இவ்வளவு எழுதினேனே, அந்த அம்மாவை ஒரு வார்த்தை கேட்டேனா? இப்போதுதான் கேட்டேன். அவர் என்னைச் சட்டை செய்யவே இல்லை. நேராகப் புருஷனிடம் போனார்.

“ஏங்க, அந்தப் பாட்டுல என் பேரையே போடலியே,” என்றார், அந்தக் காற்றுக் குரலில். “கேட்டதுக்கு, கம்பெனில கோரஸ்னு போட்டா போதாதான்னாங்க. அன்னிக்கு யாரும் யாரையும் திருடன்னு சொல்லலியே?”

கடைக்காரர் போனை என் பக்கம் நீட்டினார். என்னிடம் மட்டும் பதில் இருக்கிறதா என்ன? எனக்கு எரிச்சல்தான் வருகிறது. திரை வேறு மங்கிக்கொண்டே போகிறது.

இந்தாங்க, போனை நீங்க பிடிங்க. அந்த அம்மா உங்கள் விரலைத்தான் பார்த்துக்கொண்டிருக்கிறார்.