சோப்புச் சீட்டு

டிரெபிட்ஸ் வந்து உட்கார்ந்ததும் எங்கள் சமையலறை முழுக்க சென்ட் வாடை. போர் முடிந்து இரண்டாவது குளிர்காலம். பெர்லினில் குளிக்கவே சோப்பு இல்லை, இந்த மனிதருக்கு மட்டும் சென்ட் எங்கிருந்துதான் கிடைத்ததோ!

ஒரு காலத்தில் நாடே கொண்டாடிய ஒளிப்பதிவாளர். ஊமைப்படக் காலத்திலிருந்து அவர் பாணி ஒன்றுதான்: ஒரே விளக்கு, உயரத்தில், பக்கவாட்டில். பாதி முகம் வெளிச்சத்தில், மீதி இருட்டில். ஐம்பது வயதுக் கதாநாயகியும் அவர் கேமராவில் இருபதாகத் தெரிவாள். பதினாறு வருஷம் அந்த விளக்கைப் பிடித்தவன் நான்.

மேசைமேல் ஒரு காகிதத்தை வைத்தார். நாஜிக் கறை படியாதவர் என்று தெரிந்தவர்கள் எழுதித் தரும் நற்சான்று. சோப்புச் சீட்டு என்போம். நாலைந்து சேர்ந்தால்தான் விசாரணைக் குழு மறுபடி படமெடுக்க விடும்.

"ஒரே ஒரு கையெழுத்து, எவால்ட். அடுத்த படத்துல லைட்டுக்கெல்லாம் நீதான் தலைவன்."

'கைதிகளிடம் அன்பாகவே பேசினார்' என்று எழுதியிருந்தது. அந்த வரியை இன்னொரு தடவை படித்தேன்.

"அந்த முகாமைப் பத்தியா சார் எழுதியிருக்கீங்க?"

"பொய்யா? நீயும் பக்கத்துலதானே இருந்தே!"

இருந்தேன். 1942-ல், யூதக் கைதிகளை அடைத்துவைத்திருந்த முகாமில். அவர்களைப் பார்த்தாலே ஜனங்கள் முகம் சுளிக்க வேண்டும் என்பதற்காகவே எடுத்த அரசாங்கப் படம். எலும்பும் தோலுமாக ஒரு பெண்ணைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். கேமராவைக் கண்டதும் அந்தப் பாவி மகள் எச்சில் தொட்டுத் தலைமுடியைப் படிய வைத்துக்கொண்டாள்.

"இது வெளியூர்லயும் ஓடுமா சார்? எங்க வீட்டுக்காரர் பார்ப்பாரா?"

"பார்ப்பார். ரொம்ப அழகா இருக்கீங்கம்மா, அசையாதீங்க" என்றார் டிரெபிட்ஸ். எனக்கு மட்டும் தெரிகிற மாதிரி விரலைக் கீழே காட்டினார். விளக்கை அவள் தாடைக்கு அடியில் இறக்கினேன். கன்னம் பள்ளமாகி, மூக்கு பெருத்து, பேயாகத் தெரிந்தாள். அது தெரியாமல் புருஷனுக்காகச் சிரித்துக்கொண்டே நின்றாள்.

"லைட்டை இறக்கச் சொன்னதை எழுதலையே சார்?" என்றேன்.

"நான் வாயைத் திறந்தேனா? இறக்கினது உன் கை, எவால்ட். அதையும் எழுதணும்னா எழுதிக்குவோம்." சொல்லிவிட்டுச் சிரித்தார். சீ, என்ன ஜென்மம்!

கதவோரம் நின்ற என் மனைவி ஹெட்டாவுக்குப் பொறுக்கவில்லை. "போட்டுத் தொலைங்க. உருளைக்கிழங்குத் தோலை வேகவச்சுத் தின்னு எனக்கு நாக்கே செத்துப்போச்சு."

போட்டேன்.

அடுத்த வாரம் விசாரணைக் குழு என்னைக் கூப்பிட்டது. தலைவர் கண்ணாடி போட்ட, சாதுவான மனிதர். டிரெபிட்ஸ் முன்வரிசையில் கால்மேல் கால் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"அன்பாப் பேசினார்னு எழுதியிருக்கீங்க. என்ன பேசினார், ஞாபகம் இருக்கா?" என்று தலைவர் கேட்டார்.

"'ரொம்ப அழகா இருக்கீங்கம்மா'ன்னு ஒரு கைதிகிட்ட சொன்னார்."

"அந்தக் காலத்துல இப்படி ஒரு மனுஷனா!" என்று தலைவர் மனம் நெகிழ்ந்து எழுதிக்கொண்டார். "வேற ஏதாவது சொல்லணுமா?"

"இல்லீங்க" என்றேன்.