உலகம் அழிந்த செவ்வாய்க்கிழமைப் பெரட்டு

இதில் ஒரு சொல் பொய் இருந்தாலும் என் நாக்கு அழுகட்டும். கண்டிக் கட்டுகலைப் பிள்ளையார் சந்நிதியில் கற்பூரம் அணைத்துச் சத்தியம் செய்யவும் தயார். கற்பூரத்தை மட்டும் நீங்கள் வாங்கி வர வேண்டும்.

போன வருடம் ஹந்தானை மலைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றில் தொழிலாளி கறுப்பையா தன் வீட்டுக் காம்பராவுக்குப் பின்னால் கக்கூஸ் குழி வெட்டினார். ஐந்தடி ஆழத்தில் மண்வெட்டி ‘டங்’ என்றது. கதவளவு ஒரு கல். கல் முழுக்க எழுத்து. நான் அந்தத் தோட்டத்தில் லொறி ஓட்டி ஓய்வு பெற்றவன். பஸ் பலகைகளை மூன்று மொழியிலும் வாசிப்பேன் என்பதால் என்னைத்தான் கூப்பிட்டார்கள். எழுத்து இடம் வலமாகத் திரும்பி இருந்தது. டவுனில் ஹலீமின் சலூனுக்குப் போய்ச் சுவர்க் கண்ணாடியைக் கழற்றிக்கொண்டு வந்து பிடித்தேன், தெளிவாகிவிட்டது. அப்போது சலூனில் பாதி முகம் மழித்த நிலையில் இருந்த ஆள் இன்னும் காத்திருக்கிறார்.

கண்டி ராஜாக்களுக்கு முன்னால், அட்டைப்பூச்சிகளுக்கும் முன்னால், அந்த மலையில் ஓலாமர் என்றொரு சனம் இருந்தது. ஏறுவதை அவர்கள் அவமானமாக நினைத்தார்கள். இறங்குவதற்கு மட்டும் படிக்கட்டு கட்டினார்கள். அதனால் கடைசியில் எல்லோரும் அடிவாரத்துப் பேராதனையில் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். போகும் முன் அவர்கள் வெட்டி வைத்த செய்தி இது: உலகம் ஏற்கெனவே பதினொரு தடவை அழிந்திருக்கிறது. பன்னிரண்டாவது தடவை, வருகிற செவ்வாய்க்கிழமை காலை ஆறே கால் மணிக்கு. ஆறரைக்கு ஒரு ஆள் நின்று பெயர் கூப்பிடுவான். ‘இருக்கேன்’ என்று பதில் சொல்கிறவை திரும்பப் பிறக்கும். கூப்பிடாதவை பிறக்காது. எட்டாவது தடவை ஒரு மலையைக் கூப்பிட மறந்துவிட்டார்களாம். அந்தப் பள்ளத்தில்தான் இன்று கண்டி டவுன் இருக்கிறது.

வேறு ஊரில் சொல்லியிருந்தால் சிரித்திருப்பார்கள். தோட்டத்தில் யாரும் சிரிக்கவில்லை. காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக் களத்தில் போய் நிற்க வேண்டும், கணக்கப்பிள்ளை கூப்பிட வேண்டும், பேர் விழ வேண்டும். அப்போதுதான் அங்கே ஒரு நாள் நாளாகும். கொழுந்து நிறை குறைந்தால் அரைப்பேர், அரை நாள் சம்பளம்தான். ஆகவே தொழிலாளர் குடியிருக்கும் லயத்தில் எழுந்த ஒரே கேள்வி, அரைப்பேர்க்காரர்கள் எதுவரைக்கும் பிறப்பார்கள் என்பதுதான். கல்லை இன்னொரு தரம் பார்த்துவிட்டு, இடுப்பு வரைக்கும் என்று சொன்னேன். அந்த வாரம் பறித்த கொழுந்தை ஏற்ற லொறி போதவில்லை.

கறுப்பையாவின் கவலை வேறு. அவர் மனைவி பாலம்மாவுக்கு அறுபது முடிந்து, முந்தின மாதம்தான் செக்ரோல் என்கிற பேர்ப் புத்தகத்தில் பேரை வெட்டியிருந்தார்கள். கூப்பிடுவதற்குப் பேரே இல்லை. கறுப்பையா கணக்கப்பிள்ளை கணேஸிடம் போனார்.

“ஐயா, செவ்வாக்கெழம ஒரு நாளைக்கு மட்டும் அவ பேரையும் கூப்புட்டுடுங்க.”

“செக்ரோல்ல இல்லாத பேர நான் எப்புடி கூப்புடுறது? தொரைகிட்ட கடுதாசி வாங்கிட்டு வாங்க.”

“தொரை கொழும்புக்குல்ல போயிருக்காரு. வர்றதுக்குள்ள உலகம் அழிஞ்சிருமுங்களே.”

“அழியட்டும். பொறந்து வந்ததும் கையெழுத்துப் போடுவாரு.”

பாலம்மாவோ கேட்கிற மாதிரி இல்லை. “ஏங்க, நாப்பத்திரெண்டு வருசம் அட்டைக்கடியோட பெரட்டுல நின்னாச்சு. இனி பொறக்குறதுக்கும் பெரட்டா? நான் வரல. நீங்க போய்ப் பொறந்துட்டு வாங்க.”

“நீ இல்லாம நான் மட்டும் பொறந்து என்னடி செய்ய?”

“அந்தக் குழிய வெட்டி முடிங்க.”

செவ்வாய்க்கிழமை, சொன்ன நேரத்துக்கு உலகம் அழிந்தது. சத்தமே இல்லை. முதலில் தெல்தெனியப் பக்கத்து நீர்த்தேக்கம் சுருட்டிய பாய் போல எழுந்து போனது. பிறகு மகாவலி, கண்டி வாவி, மலை, கடைசியாக ஆட்கள். கழுவி வைத்த பீங்கான் மாதிரி ஒரே வெள்ளை. கூப்பிடுகிறவன் அழிவதில்லை என்பதால் கணேஸ் செக்ரோலோடு நின்றார். நானும் நின்றேன். கல்லை வாசித்தவனுக்கு விலக்கு உண்டு என்று கடைசி வரியில் இருந்தது. அந்த வரியை நான் சத்தமாக வாசித்திருக்கவில்லை.

ஆறரைக்குக் கணேஸ் தொண்டையைச் செருமினார். “ஹந்தானை மலை!”

“இருக்கேன்” என்றது மலை. அதற்குச் சளி பிடித்திருந்தது.

ஆறு, வாவி, பஸ் எல்லாம் ஒழுங்காக வந்தன. பிலிமத்தலாவையை மறந்துவிட்டார், நான்தான் ஞாபகப்படுத்தினேன். அந்த ஊர்க்காரர் எவரும் இதுவரை எனக்கு நன்றி சொல்லவில்லை. பிறகு ஆட்கள், கூடையோடு ஒவ்வொருவராக. கறுப்பையா பிறந்ததும் பக்கத்தில் திரும்பிப் பார்த்தார். அங்கே வெறும் வெள்ளைதான் இருந்தது. கணேஸ் புத்தகத்தை மூடப் போனார்.

“ஐயா, மூடாதீங்க! என் பேர்ல பாதிய வெட்டி அவளுக்குப் போடுங்க.”

கணேஸ் யோசித்தார். பேரைப் பாதியாக்க அவருக்கு அதிகாரம் உண்டு. அதற்குக் கடுதாசி தேவையில்லை. வெட்டினார். கறுப்பையா இடுப்புக்குக் கீழே மறைந்து, அந்தரத்தில் நின்றார்.

“பாலம்மா, அரைப்பேர்!”

வெள்ளைக்குள்ளிருந்து குரல் மட்டும் வந்தது. “எவன்யா என்னைய அரைப்பேர்னு கூப்புட்டது? நாப்பத்திரெண்டு வருசத்துல ஒரு நாளாவது எனக்கு அரைப்பேர் விழுந்திருக்கா? பழைய புத்தகத்தையெல்லாம் எடுத்துப் பாருங்கய்யா!”

கணேஸ் எடுத்துப் பார்த்தார். விழுந்திருக்கவில்லை. பயந்துபோய் இரண்டு பேருக்குமே முழுப்பேர் போட்டுவிட்டார். அடுத்த நொடி பாலம்மா, இடுப்பில் கை வைத்தபடி, முழுசாக நின்றார். கறுப்பையாவின் கால்களும் திரும்பி வந்தன. இடதும் வலதும் மாறி வந்ததால் செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டார்.

“வரலன்னு சொன்னேன்ல?” என்றார் பாலம்மா.

கறுப்பையா அழுதார்.

“அழுது முடிச்சிட்டு வாங்க. அடுப்புல ஒல கொதிக்குது.”

இருவரும் கையைப் பிடித்துக்கொண்டு லயத்துக்கு நடந்து போனதை என் இரண்டு கண்ணாலும் பார்த்தேன்.

கறுப்பையாவுக்கு இன்றுவரை கல்யாணமே ஆகவில்லை என்பது வேறு விஷயம். கற்பூரம் வாங்கி வந்தீர்களா?