உள்ளே இழுத்த ஆமாம்

உல்ஃப் ஸ்டென்வால் ஸ்வீடன் அணிக்காக இருபத்தொன்பது கால்பந்து ஆட்டங்கள் ஆடியவர். வசதியில்லாத எண். 'ஏறக்குறைய முப்பது' என்றால் அவர் ஊரான வடக்கு ஸ்வீடனின் உமெயோவில் பீற்றிக்கொள்கிறார் என்பார்கள். 'இருபத்தொன்பது' என்றால் 'அடடா, ஒண்ணு குறையுதே' என்று தோளைத் தட்டுவார்கள். இரண்டுக்கும் பயந்து, யாராவது கேட்டால் 'கொஞ்சம் ஆடியிருக்கேன்' என்று முடித்துக்கொள்வார்.

இப்போது அவர் வீரர்களுக்கு ஏஜென்ட். ஆரம்பத்தில் மூன்று பேர் இருந்தார்கள். கோல்கீப்பர் எலக்ட்ரீஷியன் வேலைக்குப் போய், நிம்மதியாக இருப்பதாகக் கேள்வி. இரண்டாமவன் ஸ்டாக்ஹோமில் ஒரு பெரிய ஏஜென்ட்டிடம் தாவிவிட்டு, உல்ஃபுக்கு இதயப் படம் போட்டுச் செய்தி அனுப்பினான். மிஞ்சியவன் மெல்கெர் லுண்ட்மார்க். வயது இருபது. லிக்செலே என்ற சின்ன ஊர்க்காரன், இடதுபக்கத் தடுப்பாட்டக்காரன், அதிகம் பேசாதவன்.

அந்த மெல்கெரை ஒரு ஜெர்மன் கிளப் கேட்டிருந்தது. இன்று ஜனவரி கடைசி நாள், வீரர்கள் கிளப் மாறுவதற்குக் கெடு. மருத்துவப் பரிசோதனை முடிந்து கையெழுத்து மாலை ஆறு மணிக்குள் ஜெர்மனி போய்ச் சேரவேண்டும். தவறினால் கோடைக்குத்தான் கதவு திறக்கும். அதற்குள் அவர்களுக்கு வேறு இடதுகால் கிடைத்துவிடும். மெல்கெர் லிக்செலேக்குத் திரும்புவான். உல்ஃப் தன் மச்சான் கடையில் பனி ஸ்கூட்டர் விற்கப் போவார். மச்சான் சட்டைகூடத் தைத்து வைத்துவிட்டான், நெஞ்சில் பெயரோடு.

கிளப் அனுப்பிய டாக்டர் ஃபோக்டின் விமானம் பனியில் இரண்டு மணி நேரம் தாமதம். இப்போது மணி நாலே முக்கால், வெளியே கும்மிருட்டு. குனில்லாவின் பிசியோதெரபி கிளினிக் வராந்தாவில், எல்லோரையும் போல பூட்ஸைக் கழற்றிவிட்டு, உல்ஃப் காத்திருந்தார்.

"உல்ஃப், உன் சாக்ஸுல ஓட்டை" என்றார் குனில்லா.

"தெரியும்."

"கட்டைவிரல் என்னையே பாக்குது."

உல்ஃப் கட்டைவிரலை மடக்கிக்கொண்டு கதவில் காதை வைத்தார். டாக்டர் ஆங்கிலத்தில் ஏதோ கேட்டார். பதிலுக்கு மெல்கெரின் 'ஷ்ஷுப்' கேட்டது. ஆமாம் என்கிறான். அடுத்த கேள்வி. ஷ்ஷுப். அதுவும் ஆமாம். உல்ஃப் எண்ணினார்: பதினாலு ஆமாம். இத்தனை ஆமாம் வந்தால் காரியம் பழம்தான். ஆனாலும், நல்லது நடக்கும்போதெல்லாம் அவருக்கு இத்தாலி ஞாபகம் வந்துவிடும்.

இருபத்திரண்டு வருடத்துக்கு முன் அங்கே எட்டு மாதம் இருந்தார், முழுக்க ஓரப் பெஞ்சில். சனிக்கிழமைதோறும் பயிற்சியாளர் கண்ணைப் பார்த்து 'நாளைக்கு ரெடியா?' என்று கேட்பார். உல்ஃப் பதில் சொல்வார். ஞாயிற்றுக்கிழமை பெஞ்ச். போதாததற்கு வாரம் தவறாமல் மார்பு எக்ஸ்ரே. 'அந்த ஆளுக்கு ஸ்வீடன்காரனைக் கண்டாலே ஆகாது. டாக்டருக்கு எக்ஸ்ரே பைத்தியம்' என்று ஊரில் எந்த நீராவிக் குளியலறையில் உட்கார்ந்தாலும் சொல்வார். கேட்பவர்களும் வியர்வையோடு தலையாட்டுவார்கள்.

கதவு திறந்தது. டாக்டரின் முகம் சாவு வீட்டுக்கு வந்தவர் முகம்போல் இருந்தது.

"மிஸ்டர் ஸ்டென்வால், இந்தப் பையன் இத்தனை நாளா எப்படி ஆடினான்?"

"பரவாயில்லாம ஆடுவான்" என்றார் உல்ஃப். உமெயோவில் அதற்கு மேல் பாராட்டு கிடையாது.

"அதுவே ஆச்சரியம்தான். இடது முழங்காலை அழுத்தி 'சரியா இருக்கா'ன்னு கேட்டேன். மூச்சை இழுத்துட்டான். வலது முழங்கால், கணுக்கால், தோள், எங்க தொட்டாலும் அதேதான். கடைசியில தொடவே இல்ல. 'உன் பேரு மெல்கெர் லுண்ட்மார்க்தானே'ன்னு கேட்டேன். அதுக்கும் இழுக்கறான். பேரு கூடவா வலிக்கும்?"

"ஸ்கேன் பாத்தீங்களே?"

"சுத்தமா இருக்கு. அதான் பயமா இருக்கு." டாக்டர் படிவத்தைக் காட்டினார். மூட்டு அனைத்திலும் வலி; இதயமோ நுரையீரலோ, சந்தேகம். "நான் கையெழுத்துப் போட முடியாது."

மணி ஐந்து இருபத்திரண்டு. உல்ஃபின் கண்முன் பனி ஸ்கூட்டர்கள் வரிசையாக வந்து நின்றன. உள்ளே கட்டிலில் மெல்கெர் சட்டையில்லாமல் உட்கார்ந்திருந்தான். என்ன தப்பு செய்தோம் என்று தெரியாத முகம்.

"ஆறு மணிக்கு மேல ஒண்ணும் செய்ய முடியாதுன்னு உங்களுக்குத் தெரியும் இல்லையா?" என்றார் டாக்டர்.

"ஷ்ஷுப்" என்றார் உல்ஃப்.

டாக்டர் பாய்ந்து அவர் மணிக்கட்டைப் பிடித்தார். "உட்காருங்க! நாடி நூத்திப் பத்து. உங்களுக்கும் இருக்கா இது? எத்தனை நாளா?"

காபித் தட்டோடு வந்த குனில்லா, கோப்பைகள் கடகடக்கச் சிரித்தார். மால்மோவில் பிறந்தவர், நாட்டின் அந்தக் கோடி. "ஃபோக்ட், கையை விடு. அது வியாதி இல்ல. ஆமாம்னு அர்த்தம். இந்த ஊருல ஆமாம் வெளிய வராது, உள்ள போகும். கல்யாணத்துல பாதிரியார் கேட்டதுக்கு என் புருஷன் இதைத்தான் பண்ணினான். எங்கப்பா ஆம்புலன்ஸைக் கூப்பிட்டுட்டார்."

தன்னை வெறும் ஃபோக்ட் என்று கூப்பிட்டதைத்தான் டாக்டரால் முதலில் நம்ப முடியவில்லை. பிறகு மெல்கெரிடம் திரும்பினார்.

"உன் பேரு ஹெல்காவா?"

"இல்ல."

"முழங்கால் வலிக்குதா?"

"இல்லையே."

"இடதுகால் ஆட்டக்காரனா?"

"ஷ்ஷுப்."

டாக்டர் படிவத்தைக் கிழித்துப் புதிது எழுதத் தொடங்கினார். உல்ஃபால் மட்டும் சிரிக்க முடியவில்லை. மணி ஐந்து நாற்பத்தெட்டு.

ஐந்து ஐம்பத்திரண்டுக்கு கிளப் இயக்குநர் வீடியோவில் வந்தார். அவர் கையெழுத்து ஒன்றுதான் பாக்கி. அதற்குமுன் பையன் வாயால் கேட்கவேண்டுமாம். "போன வருஷம் ஒருத்தன் கையெழுத்துப் போட்டுட்டு வீட்டு ஞாபகம்னு ஓடிட்டான். சொல்லு மெல்கெர், எங்ககிட்ட வர உனக்கு இஷ்டமா?"

மெல்கெர் வாயைக் குவித்தான்.

"வெளிய!" என்று உல்ஃப் பல்லுக்கிடையில் சீறினார். "வெளிய சொல்லுடா!"

"எப்படி உல்ஃப்? கத்தற மாதிரி இருக்குமே" என்று அவன் கிசுகிசுத்தான். "பெருமையடிச்சுக்கறேன்னு நினைக்க மாட்டாங்களா?"

"நினைக்கட்டும்!"

திரையில் இயக்குநரின் புருவம் சுருங்கியது. "தயங்கறானே?"

ஐந்து ஐம்பத்தைந்து. மெல்கெரின் இருபது வருடப் பழக்கம் மறுபடி காற்றை உள்ளே இழுக்கத் தயாரானது. உல்ஃப் கீழே பார்த்தார். மெல்கெரின் வலது பாதம், கம்பளி சாக்ஸில். வலதுதானே, அவ்வளவாகத் தேவைப்படாது. ஓட்டை சாக்ஸ் போட்ட தன் குதிகாலால், தேசிய அணியில் யாரும் பார்க்காத வேகத்தில், ஓங்கி மிதித்தார்.

"யா!" என்று மெல்கெர் அலறினான். "யா! யா! யா!"

ஸ்வீடனிலும் ஜெர்மனியிலும் அதற்கு அர்த்தம் ஆமாம்தான். இயக்குநர் கைதட்டினார். "இதுதான் வேணும்! என்ன ஆர்வம்!" என்று கையெழுத்துப் போட்டார். ஐந்து ஐம்பத்தெட்டு.

"அது நிஜமாவே வலி" என்றார் டாக்டர் மெதுவாக. ஆனால் படிவத்தில் சேர்க்கவில்லை.

மெல்கெர் ஒற்றைக்காலில் நொண்டியபடி அம்மாவுக்கு போன் போடப் போனான். உல்ஃப் காபியைக் கையில் எடுத்தார். டாக்டர் கோட்டைப் போட்டுக்கொண்டே, பேச்சுக்குக் கேட்டார்:

"நீங்க இத்தாலியில இருந்தீங்களாமே. டாக்ஸிக்காரர் சொன்னார். அந்தப் பயிற்சியாளருக்கு உங்களைக் கண்டாலே ஆகாதாமே, அப்படியா?"

உல்ஃபின் உதடு குவிந்தது. காற்று பாதி உள்ளே போய் அப்படியே நின்றது.

'நாளைக்கு ரெடியா?' எட்டு மாதச் சனிக்கிழமைகள், எட்டு மாத ஷ்ஷுப். பயிற்சியாளரின் அந்தப் பார்வை. வெறுப்பு என்று அவர் நினைத்த பார்வை. தோளில் தட்டி 'போய்ப் படு' என்றது. எக்ஸ்ரே, எக்ஸ்ரே, எக்ஸ்ரே.

"என்ன, மூச்சு விடுங்க" என்றார் டாக்டர்.

உல்ஃப் விட்டார். "இல்ல" என்றார், நன்றாக வெளியே கேட்கும்படி. "நல்ல மனுஷன்."