சினியோராவுக்குச் சொன்ன படம்

1.

இந்தக் கதை என்னுடையதல்ல. 1996இல், இத்தாலியில், பகேரியாவிலிருந்து பலெர்மோ போகும் காலை ரயிலில் விமலராணி அக்கா சொன்னது. சிரிப்புக் கதை என்றுதான் தொடங்கினா. நானும் மடையன் மாதிரி முன்கூட்டியே சிரித்தேன்.

2.

இதை எழுத இருந்தபோது என் முதல் தொடக்கம்: "பலெர்மோவில், லிபெர்த்தா என்கிற அகன்ற வீதியில் மாலை வெயில் பொன்னாக..."

வேண்டாம். அக்கா அங்கே வெயில் பார்க்கப் போகவில்லை. கண் தெரியாத ஒரு கிழவியைப் பராமரிக்கப் போனா. அம்மா என்கிற மாதிரி, 'சினியோரா' என்றுதான் அவவைக் கூப்பிடுவா.

சினியோராவின் செத்துப்போன கணவர் இங்கிலாந்தின் பழைய பேசாப்படங்களை வீடியோ கசெற்றுகளில் சேர்த்து வைத்திருந்தார். எல்லாம் துரத்தல் படங்கள். ஒருவன் இறைச்சித் துண்டைத் திருடிக்கொண்டு ஓடுவான். பொலிஸ்காரர் துரத்துவார், பிறகு பேக்கரிக்காரர், பிறகு பிள்ளைவண்டி தள்ளும் ஆயா. வேலி பாயும்போது எல்லாரும் ஒருவர்மேல் ஒருவர் விழுவார்கள். (விழுந்து எழும்பாதவர் ஒருவரும் இல்லை. இதைக் கவனித்து வையுங்கள்.)

படத்தில் பேச்சில்லை, சினியோராவுக்குப் பார்வையில்லை. ஆகவே அக்கா பக்கத்தில் இருந்து, தெரிந்த இத்தாலியனில் படத்தைச் சொல்லுவா. கணவர் போனபின் அந்த மனிசி சிரித்ததெல்லாம் அக்காவின் வாயால்தான்.

3.

ஒருநாள் கசெற் பாதியில் அறுந்தது.

"சிரிச்சுக்கொண்டு இருக்கிற மனிசியிட்டை முடிஞ்சுதெண்டு எப்பிடிச் சொல்லுறது, தம்பி? நானாக் கதையை இழுத்தன். ஒழுங்கை எண்டன், வேலி எண்டன். பொலிஸ் எண்டு சொல்லுற இடத்திலை ஆமிக்காரர் எண்டிட்டன்."

அது ஊரில் அவவின் வீட்டுக்குப் போகும் சின்ன ஒழுங்கை, ஆமி துரத்திய நாள். முன்னால் அவ, பின்னால் அண்ணன் கோபாலசிங்கம். வேலி பாயும்போது அவர் விழுந்த சத்தம் கேட்டது. அவ திரும்பிப் பார்க்காமல் ஓடினா. ஒன்பது வருசமாக ஒரு தகவலும் இல்லை.

"மனிசி வயித்தைப் பிடிச்சுக்கொண்டு சிரிக்குது. பிறகு கேட்டுது, விழுந்தவன் எழும்பிட்டானோ எண்டு."

4.

முடிவு ஒன்று: அக்கா "ஓம்" என்கிறா. சினியோரா கைதட்டுகிறா. (வெட்டிவிட்டேன். எனக்கே வெட்கமாக இருந்தது.)

முடிவு இரண்டு: அக்கா அழுகிறா, சினியோராவுக்கு எல்லாம் விளங்கி, கையைத் தடவிப் பிடித்து... (இது என் ஆசை. இப்படி நடக்கவில்லை.)

நடந்தது இவ்வளவுதான். அக்கா கோப்பி போடப் போய்விட்டா.

"மனிசி இப்ப ஒவ்வொரு நாளும் அதையே கேக்குது. நீங்கள் எழுதுறனீங்கள்தானே, ஒரு முடிவு சொல்லுங்கோ. இண்டைக்குப் போய்ச் சொல்ல வேணும்."

ரயில் பலெர்மோவின் மத்திய நிலையமான ஸ்தாசியோனே சென்ட்ராலேயில் நின்றது. எழுதுகிறவன் என்று பெயர்தான், நான் அக்காவின் பையை எடுத்துக் கொடுத்தேன். அக்கா அதை வாங்கிக்கொண்டு இறங்கிப் போனா.

5.

இனி நீங்கள்தான் சினியோராவின் கதிரைக்குப் பக்கத்தில், அக்காவின் இடத்தில் இருக்கிறீர்கள். அவ முகத்தை உங்கள் பக்கம் திருப்பி அதே கேள்வியைக் கேட்கிறா. சிரிக்கத் தயாராக இருக்கிறா.